உறுமும் நாய்க்கு அடியா, பிடி சோறா?

கமத்தொழில் பற்றிய பிரசுரமொன்றிலே நாயைப் பற்றி எழுதுவானேன் என வாசகர்களுட் சிலர் வினவுதல் கூடும். நெல்லும் மரக்கறியும் விளைவிக்கும் எமது கமக்காரருக்கு நாயும் ஒரு துணை என்பதே அதற்கு விடையாகும். காட்டுப்பன்றி வயலில் இறங்கும் இரவிலே முதலில் குரல் கொடுப்பது நாயே. முள்ளம்பன்றி மரவள்ளியைக் கிளறும்போதும், குரங்குக் கூட்டம் தோட்டத்தினுள் இறங்கும்போதும், சூடடித்த நெல் களத்திலே குவிந்து கிடக்கும்போதும் காவல் நிற்பது அதுவே. மண்வெட்டி மழுங்கினால் தீட்டுகின்றோம். நீரிறைக்கும் இயந்திரம் பழுதுற்றால் திருத்துகின்றோம். நாயின் குணம் பழுதுற்றால் மாத்திரம் தடியை எடுக்கின்றோம். இவ்வழக்கம் பயனற்றது என்பதோடு ஆபத்தானதும் ஆகும் என்பதே எமது கருத்து.

இங்கு நாம் எடுத்துக்கொள்ளும் குறை ஒன்றேயொன்று. தன் சோற்றுச் சட்டியை, எலும்பை, படுக்கும் சாக்கை, அல்லது தான் கவ்விவந்த பொருளை எவரேனும் அணுகும்போது நாய் உறுமுவதும், பல்லைக் காட்டுவதும், ஈற்றிலே கடிப்பதுமே அக்குறை. அந்நியரைக் கண்டு குரைத்தல் காவல். வீட்டாரைக் கண்டு சட்டியைக் காத்தல் வேறு. முன்னையது நமக்கு வேண்டியது, பின்னையது வேண்டாதது. இரண்டையும் ஒன்றெனக் கருதி, "கோபமுள்ள நாய்தான் நல்ல காவல் நாய்" என்று விட்டுவிடுவோர் பலர். அது தவறு. தன் வீட்டுப் பிள்ளையைக் கடிக்கும் நாயினாற் பன்றி ஒன்றும் அதிகமாக ஓடிவிடுவதில்லை.

உறுமலின் பொருள்

நமது கிராமங்களிலே சாதாரணமாக நிகழும் ஒன்றை நோக்குவோம். மத்தியான வேளையிலே அடுக்களைப் புறத்தில் நாய் சோறு தின்றுகொண்டிருக்கின்றது. பிள்ளையொன்று விளையாடும் பந்து சட்டியினருகே உருண்டு செல்கின்றது. பிள்ளை குனிந்து அதை எடுக்கப் போகின்றது. குனியும் பிள்ளையின் முகமும் நாயின் வாயும் ஒரே உயரத்தில் நிற்கின்றன. சிறுவர்களுக்கு நாய்க்கடி முகத்திலும் கழுத்திலும் நேர்வதற்கு இதுவே ஒரு காரணமாகும்.

"முன்னறிவித்தல் எதுவுமின்றிக் கடித்துவிட்டது" என்று பின்னர் வீட்டார் கூறுவர். பெரும்பாலும் அஃது உண்மையன்று. கடிப்பதற்கு முன் நாய் பல அறிவித்தல்களைத் தருகின்றது. முதலிலே தின்னும் வேகம் கூடும். பின்னர் தின்பதை நிறுத்தி உடல் விறைத்து நிற்கும். தலையைத் திருப்பாமல் கடைக்கண்ணாற் பார்க்கும். அப்போது கண்ணின் வெண்மை தெரியும். அதன்பின் உதடு உயரும், உறுமல் எழும், வெறுமனே காற்றிலே கவ்வும். இவை யாவும் பயன்படாதபோதே கடிக்கும். ஆகவே உறுமல் என்பது பகைமையன்று. "இது போய்விடுமோ என அஞ்சுகின்றேன், விலகுக" என்று நாய் தனக்குத் தெரிந்த பாஷையிற் கூறும் சொல்லாகும்.

அவ்வச்சம் எங்கிருந்து வருகின்றது? ஒரு பகுதி பிறவிக்குணம்; கிடைத்த இரையைக் காக்கத் தெரியாத விலங்கு காட்டிலே பிழைத்திராது. மறு பகுதி நாம் கற்பித்தது. ஐந்தாறு குட்டிகளுக்கு ஒரே சட்டியில் உணவு வைத்து அவை முண்டியடிக்க விடுகின்றோம். வயிறு நிறையாத அளவிலே சோறு போடுகின்றோம். சிறுவர் வேடிக்கைக்காக எலும்பைப் பறிக்கின்றனர். பெரியவர்களோ, "எசமான் யார் எனத் தெரிய வேண்டும்" என்று தின்னும்போதே சட்டியை இழுக்கின்றனர். மனிதன் அருகே வந்தால் உள்ளது போய்விடும் என்னும் பாடத்தை நாய் இவ்வாறுதான் படிக்கின்றது.

அடிப்பதனால் விளைவது

"அடியாத மாடு படியாது" என்னும் பழமொழியை இவ்விடத்திலே பலர் எடுத்துக் கூறுவர். உறுமிய நாயை ஓங்கி அடித்தால் அடுத்த முறை அது உறுமாதிருக்கவும் கூடும். அதனைக் கண்டு நாய் திருந்திவிட்டது என நாம் மகிழ்கின்றோம். உண்மையில் நடந்தது யாது? நாயின் அச்சம் குறையவில்லை. முன்பு சோறு மட்டும் போகும் என அஞ்சியது, இப்போது சோறும் போய் அடியும் விழும் என அஞ்சுகின்றது. உறுமினால் அடி விழும் என்பதை மட்டும் கற்றுக்கொண்டது. எனவே உறுமலை விட்டுவிட்டு நேரே கடிக்கும். வரம்பு உடைவதற்கு முன் கசிவு தெரியும். கசிவைக் கண்டவன் வரம்பைத் திருத்த வேண்டுமேயன்றிக் கசிவை மண்ணினால் மூடி மறைத்தலாகாது. உறுமலை அடித்து அடக்குவோன் செய்வது இதுவே.

இன்னொன்றையும் எண்ணுதல் வேண்டும். கைவலியுள்ள தகப்பனுக்கு அடங்கும் நாய், தாய்க்கும் பாட்டிக்கும் பிள்ளைக்கும் அடங்காது. அடியினால் வந்த அடக்கம் அடிப்பவர் இல்லாத வேளையிலே இல்லாது போகும். பிள்ளை சட்டியருகே செல்வதோ பெரும்பாலும் தகப்பன் வயலில் நிற்கும் வேளையிலேயாம்.

அறிஞர் கண்டது

உருசிய நாட்டு உடற்றொழிலியல் அறிஞரான இவான் பாவ்லோவ் என்பவர் சமிபாடு பற்றிய ஆராய்ச்சிக்காக 1904ஆம் ஆண்டிலே நொபெல் பரிசு பெற்றவர். அவர் தம் ஆய்வுகூடத்து நாய்களிடம் ஒன்றைக் கண்டார். உணவு வாயிற்படுமுன்னரே, உணவு கொண்டுவரும் ஆளைக் கண்டவுடன் அவற்றுக்கு உமிழ்நீர் சுரந்தது. உணவுக்கு முன்னதாக இடைவிடாது வரும் எந்த அடையாளமும் நாளடைவில் உணவுக்கு உரிய உணர்ச்சியையே எழுப்பும் என்பது இதனாற் புலனாயிற்று. ஆளின் வரவு நன்மைக்கு அடையாளமானால் நாய் மகிழும். இழப்புக்கு அடையாளமானால் அஞ்சும். அமெரிக்கரான எட்வேட் தோண்டைக் 1898ஆம் ஆண்டில் வெளியிட்ட ஆராய்ச்சியிலே, நற்பயன் தந்த செயலை விலங்கு திரும்பச் செய்யும் என்பதைப் பூனைகளைக் கொண்டு காட்டினார். நாம் கூறப்போகும் முறை இவ்விரு உண்மைகளின்மீதே அமைந்துள்ளது. இதற்குக் கருவியும் வேண்டாம், பணமும் வேண்டாம். ஒரு பிடி நல்லுணவும், நாளுக்கு இரு வேளை ஐந்து நிமிடப் பொறுமையும் போதும்.

பயிற்சிக்கு முன் செய்ய வேண்டியன

முதலாவது, பாதுகாப்பு. நாய்க்கு ஆள் நடமாட்டமில்லாத ஓரிடத்தைத் தெரிந்து, அங்கேயே நாள்தோறும் குறித்த நேரத்தில் உணவு வைத்தல் வேண்டும். அது தின்னும்போது சிறுவர் எவரும் அப்பக்கம் செல்லலாகாது. பயிற்சி முடியும்வரை எவரும் அதனிடமிருந்து எதையும் பறிக்கக் கூடாது. இரண்டாவது, வயிறு நிறைய உணவு கொடுத்தல். பட்டினி நாய்க்குப் பயிற்சி ஏறாது. மூன்றாவது, நாயை நல்ல கயிற்றினால் உறுதியான மரத்திலே கட்டி, கயிறு எட்டும் எல்லைக்கு வெளியே நிலத்திற் கோடு ஒன்று கீறிக்கொள்ளுதல். பயிற்றுபவர் அக்கோட்டைத் தாண்டலாகாது.

சட்டியில் சாதாரணச் சோறு இருக்கட்டும். கையிலே அதனினும் சிறந்த உணவு இருக்க வேண்டும்: அவித்த மீன், முட்டை, ஈரல், உப்புப் போகக் கழுவி அவித்த கருவாடு ஆகியவற்றைப் பாக்களவு சிறு துண்டுகளாக வைத்துக்கொள்ளலாம். வெங்காயமும் உள்ளியும் நாயின் குருதிக்குத் தீங்கு செய்வன. வெங்காயச் செய்கையாளர் வீட்டுக் குழம்புச் சோற்றிலே இவை நிறைய இருக்குமாதலால் இதனைச் சிறப்பாக நினைவில் வைத்தல் வேண்டும். சமைத்த கோழியெலும்பும் உடைந்து தொண்டையிலோ குடலிலோ குத்தும், அதையும் விலக்குக.

பயிற்றும் முறை

1. நாய் தின்றுகொண்டிருக்கும்போது எவ்வளவு தூரத்திலே நின்றால் அது விறைக்காமல் தின்கின்றது எனப் பார்க்க. பத்து அடியாயின் பத்து அடி. இருபது அடியாயின் இருபது அடி. அங்கிருந்தே தொடங்குக.

2. அத்தூரம்வரை நடந்து வந்து, ஒரு மீன் துண்டைச் சட்டியருகே எறிந்துவிட்டு உடனே திரும்பிச் செல்க. ஒரு வேளை உணவில் இவ்வாறு ஐந்தாறு முறை செய்தால் போதும். முதலில் ஆள் வருதல், பின்னர் மீன் வருதல் என்னும் வரிசை மாறலாகாது. மீன் முந்தி ஆள் பிந்தினால், நாய் மீனைத்தான் காணுமேயன்றி ஆளின் வரவை நன்மையென அறியாது.

3. சில நாளில், நீங்கள் வருவதைக் கண்டதும் நாய் சட்டியை விட்டுத் தலையை நிமிர்த்தி, உடல் தளர்ந்து, வாலை மெல்ல ஆட்டி உங்கள் கையைப் பார்க்கும். அதுவே பாடம் ஏறியதற்கு அடையாளம். அதன் பின்னரே ஓர் அடி முன்னே செல்க. புதிய தூரத்திலும் அதே அடையாளத்தைக் காணும்வரை மேலும் நெருங்கலாகாது.

4. இடையிலே நாய் விறைத்தாலோ உறுமினாலோ ஏசவும் வேண்டாம், அடிக்கவும் வேண்டாம். அசையாது ஒரு கணம் நின்று, அமைதியாகப் பின்வாங்குக. நாம் அவசரப்பட்டோம் என்பதே அதன் பொருள். மறுமுறை இரண்டு அடி பின்னேயிருந்து தொடங்குக.

5. சட்டியருகே நிற்கும் நிலை கயிற்றுக்கு அப்பாலிருந்தே கைகூடி, பல நாட்கள் உறுமலின்றிக் கழிந்த பின்னரே கோட்டைத் தாண்டலாம். அப்போது வெறுஞ் சட்டியை வைத்து, ஒவ்வொரு பிடியாகச் சோற்றை அதில் இட்டு விலகுக. தின்று முடித்த நாய் அடுத்த பிடிக்காக உங்களை எதிர்பார்க்கும். விலகிப் போகச் சொன்ன நாயே இப்போது உங்களை வரச்சொல்கின்றது.

6. ஈற்றிலே, வெறுஞ் சட்டியைக் கையிலெடுத்து, மீன் துண்டொன்றை இட்டுத் திரும்ப வைத்தல். எடுக்கப்பட்ட சட்டி முன்னினும் நிறைந்து திரும்பும் என்பதை நாய் அறிதல் வேண்டும்.

வீட்டில் வளர்ந்தோர் ஒவ்வொருவரும் முதற்படியிலிருந்தே தாமாகச் செய்தல் வேண்டும்; ஒருவரிடம் கற்ற நம்பிக்கை மற்றவருக்குத் தானாக மாறிவிடாது. சிறுவரை இப்பயிற்சியில் ஈடுபடுத்தலாகாது. எவ்வளவு நன்றாகப் பழகிய நாயாயினும் தின்னும்போது சிறுவர் அருகே செல்லாதிருத்தல் என்றும் காக்க வேண்டிய விதியாகும்.

"விடு" என்னும் சொல்

கவ்விய பொருளை விடுவித்தல் வயற்காரருக்கு மிகவும் வேண்டிய பயிற்சி. நெல்வயலிலே எலிக்கு நஞ்சு வைக்கின்றோம். நஞ்சுண்டு செத்த எலியை நாய் கவ்விக்கொண்டு வரும். துரத்திப் பறிக்க முயன்றால் அது அவசரமாக விழுங்கிவிடும். எலியின் வயிற்றிலுள்ள நஞ்சு நாயையும் தாக்கும். அவ்வேளையிலே "விடு" என்ற சொல்லுக்கு வாய் திறக்கும் நாய் உயிர் தப்பும்.

இதற்குத் தென்னை மட்டைத் துண்டு, கயிற்றுத் துண்டு போன்ற மதிப்பில்லாத பொருளிலிருந்து தொடங்குக. நாய் அதனைக் கவ்வியிருக்கும்போது "விடு" என ஒருமுறை சாதாரணக் குரலிற் கூறுக. அதன் பின் மீன் துண்டை அதன் மூக்கருகே காட்டுக. பொருளை விட்டவுடன் மீனைக் கொடுத்து, அப்பொருளையும் திரும்பக் கொடுத்துவிடுக. திரும்பக் கொடுத்தலே இதன் உயிர்நிலை. விட்டால் இழப்பில்லை, இரட்டை வரவு எனக் கண்ட நாய் தயங்காது விடும். சில நாளில் மீனைக் காட்டுமுன்னரே, சொல்லைக் கேட்டவுடன் வாய் திறக்கும். பின்னர் படிப்படியாக மதிப்புள்ள பொருட்களுக்கும் எலும்புக்கும் செல்க. பத்து முறைக்கு ஒன்பது முறை பொருள் திரும்பக் கிடைத்த நாய், செத்த எலியைத் திரும்பக் கொடாத அந்த ஒரு முறைக்காக உங்கள்மேல் நம்பிக்கை இழவாது.

சாக்கிலோ கட்டிலிலோ படுத்திருந்து உறுமும் நாயையும் கழுத்திற் பிடித்து இழுத்தல் வேண்டாம். "இறங்கு" எனக் கூறி, மூன்று நான்கு அடி தள்ளி ஒரு துண்டை எறிந்தால் அதுவே இறங்கி வரும். பலமுறை செய்தபின் சொல் மட்டுமே போதுமானதாகும்.

சில ஆட்சேபங்கள்

இது நாய்க்கு இலஞ்சம் கொடுத்தல் அல்லவா எனச் சிலர் கேட்பர். வேலைக்கு முன் காட்டி ஆசையூட்டுவது இலஞ்சம். வேலை முடிந்தபின் கொடுப்பது கூலி. தொடக்கத்திலே மூக்கருகே மீனைக் காட்டுகின்றோமே எனின், அது புதிய கூலியாளுக்கு வேலையைக் காட்டிக் கொடுப்பது போன்றது. ஓரிரு கிழமையில் விட்டுவிடலாம். களை பிடுங்கியவருக்குக் கூலி கொடுப்பதை இலஞ்சம் என்று எவரும் கூறார்.

பின்வாங்கினால் நாய் வென்றதாக எண்ணாதா என்பது இன்னொரு கேள்வி. இது சற்றுப் பொருளுள்ள கேள்வியே. உறுமியபோதெல்லாம் ஆள் விலகினால் உறுமல் பயன்தரும் என நாய் கற்கும். ஆயினும் அதற்கு மருந்து நின்று சண்டையிடுவதன்று. உறுமலுக்கு இடமே கொடாத தூரத்திலிருந்து பயிற்றுவதேயாகும். ஒழுங்காகச் செய்யப்படும் பயிற்சியில் உறுமல் மிக அருமையாகவே கேட்கும்.

நாய் வாலை நிமிர்த்த முடியாது என்பது மூன்றாவது ஆட்சேபம். வாலை நிமிர்த்தும்படி நாம் கேட்கவில்லை. தன் உடைமையைக் காக்கும் குணம் நாயிடம் இருக்கட்டும். நம்மிடமிருந்து அதனைக் காக்க வேண்டியதில்லை என்பதை மாத்திரம் அது அறியட்டும். பயிற்சியினால் நாயின் காவற்குணம் கெடும் என்னும் அச்சமும் வேண்டியதில்லை. சட்டியருகே வீட்டாரை நம்பும் நாய் இரவில் வேலியோரத்துப் பன்றியை நம்பிவிடப் போவதில்லை.

பயிற்சிக்கு அப்பாற்பட்டவை

ஏற்கெனவே ஒருவரை ஆழமாகக் கடித்த நாயை வீட்டார் தாமாகப் பயிற்றத் துணிதல் ஆகாது. அதனைப் பாதுகாப்பாகக் கட்டி வைத்துக் கால்நடை வைத்தியரின் ஆலோசனையைப் பெறுக. குட்டி ஈன்ற பெண்நாய் குட்டிகளைக் காப்பது இயற்கை. சில கிழமைகளுக்கு அதனைத் தனியே விடுக. இதுகாறும் சாதுவாயிருந்த நாய் திடீரெனச் சினங்கொண்டால், காது, பல், மூட்டு முதலியவற்றிலே நோவிருக்கலாம்.

எல்லாவற்றிலும் கொடியது விசர்நாய்க்கடி எனப்படும் நீர்வெறுப்பு நோய். குணம் திடீரென மாறுதல், வாய்நீர் வடிதல், குரல் மாறுதல், கீழ்த்தாடை தொங்குதல், விழுங்க இயலாமை ஆகியவை அதன் குறிகள். தொண்டையில் எலும்பு சிக்கியதுபோலத் தோன்றும் நாயின் வாயிலே கையிட்டுப் பார்த்தல் பேராபத்து. நோய்க்குறிகள் மனிதரிடம் தோன்றிய பின் உயிர் பிழைத்தல் மிக மிக அரிது. ஆயின் காலந்தாழ்த்தாது ஊசி மருந்து ஏற்றினால் நோயைத் தடுத்துவிடலாம். ஆதலால் எந்த நாய் கடித்தாலும், அது வீட்டு நாயேயாயினும், காயத்தைச் சவர்க்காரமிட்டு ஓடும் நீரில் 15 நிமிடங்கள் கழுவி, உடனே அரசாங்க வைத்தியசாலைக்குச் செல்லுதல் வேண்டும். அங்கே சிகிச்சை இலவசமாகக் கிடைக்கும். காயத்திலே மஞ்சளோ சுண்ணாம்போ பூசலாகாது. கடித்த நாயைக் கொன்றுவிடாது, ஆபத்தின்றி இயலுமாயின் கட்டிவைத்து, வைத்தியர் கூறும் நாள்வரை அதன் நிலையை அவதானித்தல் வேண்டும். ஆண்டுதோறும் நாய்க்குத் தடுப்பூசி போடுவித்தல் இக்கவலையைப் பெரிதும் குறைக்கும்.

குட்டியிலேயே தொடங்குக

வந்தபின் திருத்துவதினும் வராமற் காத்தல் எளிது. நாற்றுமேடையிலே காட்டும் கவனம் நடுகைக்குப் பின் காட்டும் கவனத்தினும் பயன் தருவது போன்று, பிறந்து மூன்றாம் கிழமை முதல் பதினான்காம் கிழமை வரையுள்ள காலமே நாய்க்குட்டியின் மனம் பண்படும் காலம். குட்டிகளுக்குத் தனித்தனிச் சிரட்டைகளிலே உணவு வைக்க. அவை தின்னும்போது அருகே சென்று பறிப்பதற்குப் பதிலாக மேலும் சிறிது இடுக. அவ்வாறு வளர்ந்த குட்டிக்கு மனிதக் கை என்பது கொடுக்கும் கையாகவே இருக்கும்.

வரும் போகத்தில் உங்கள் வயலைக் காக்கப்போகும் நாய் இன்று உங்கள் முற்றத்திலே படுத்திருக்கின்றது. அது சட்டியருகே உறுமுமாயின், இன்று மாலை தடியை எட்டத்தில் வைத்துவிட்டு, கையில் நாலு மீன் துண்டுகளோடு பத்து அடி தள்ளி நிற்பீர்களாக. உங்கள் வீட்டுப் பிள்ளையின் முகத்தைக் காக்கும் வேலை அங்கிருந்தே தொடங்குகின்றது.